‘லெஃப்ட் அஸ்’ என்று எழுதியிருந்தது

786

லப்பைக்குடிக்காடு,
4.10.1996, வெள்ளி.

அன்பு மச்சான் அவர்களுக்கு, சாகிரா ஸலாம் சொல்லி எழுதும் கடிதம்.

நானும் மகள் ஃபஹ்மிதாவும் உடம்பால் சுகமாக இருக்கிறோம். அடுத்த வரியில் உங்கள் சுகத்தைக் கேட்பதுதான் என் வழக்கம். இந்த முறை அந்த வரிக்கு வந்ததும் பேனா நின்றுவிட்டது. போன மாதம் 14ஆம் தேதி முதல் 24ஆம் தேதி வரை, பதினொரு நாள், இந்த வீட்டில் நீங்கள் மவுத்தாகிவிட்டவர். உங்களுக்காக நான் வெள்ளைச் சேலை உடுத்தி இத்தா இருந்தேன். அந்தப் பதினொரு நாளில் இங்கே நடந்ததையும் அதற்குப் பிறகு நடந்ததையும் நான் எழுதாவிட்டால் உங்களுக்கு வேறு யாரும் சொல்லப் போவதில்லை. அதனால் வரிசையாக எழுதுகிறேன். எங்காவது கோபமாக எழுதியிருந்தால், கோபமாகவே படியுங்கள்.

உங்கள் கடைசிக் கடிதம் ஜூன் மாதக் கடைசியில் வந்தது. மழைக்கு முன்னால் பின்கட்டு ஓட்டை மாற்றச் சொல்லியிருந்தீர்கள். மாற்றிவிட்டோம், இப்போது ஒழுகவில்லை. அதற்குப் பிறகு ஜூலை முழுக்கப் போனது, ஆகஸ்டு பாதி போனது. மாதம் இரண்டு கடிதம் எழுதுகிற மனிதரிடமிருந்து ஒரு வரி இல்லை. தபால்காரர் சாமிதுரை தெருமுனையிலேயே என்னைப் பார்த்துக் கையை விரித்துக் காட்டிவிட்டுப் போக ஆரம்பித்தார்.

உங்கள் தம்பி தௌஃபீக்தான் ஒரு யோசனை சொன்னார். பின்தெருவில் குருநாதன் சார் என்று ஒருவர் குடியிருக்கிறார். உயர்நிலைப் பள்ளியில் இங்கிலீஷ் வாத்தியார். தா.பழூர்க்காரர், நீங்கள் ஷார்ஜாவுக்குப் போன பிறகு இங்கே மாற்றலாகி வந்தவர். சம்சாரம் பங்குனியில் தவறிப்போனார், பிள்ளைகள் கிடையாது. தனியாகச் சமைத்துச் சாப்பிடுகிறார். தெருவில் யாருக்கு எந்த இங்கிலீஷ் காகிதம் வந்தாலும் அவர்தான் படித்துச் சொல்வார். அவரைக் கொண்டு உங்கள் தையல் கம்பெனிக்கு, என் கணவர் எப்படி இருக்கிறார் என்று கேட்டு ஒரு கடிதம் எழுதிப் போட்டோம்.

செப்டம்பர் 14, சனிக்கிழமை மத்தியானம் பதில் வந்தது. கம்பெனி பெயர் அச்சடித்த உறை. நான் அதை முத்தம் கொடுத்து வாங்கினேன். இதையும் எழுதிவிடுகிறேன்.

தௌஃபீக் சாரைக் கூட்டி வந்தார். முன்னறையில் நாற்காலி போட்டு உட்கார வைத்தோம். நான் திரைக்குப் பின்னால் நின்றேன். ஃபஹ்மிதா சாருக்குப் பக்கத்திலேயே நின்றுகொண்டு எட்டி எட்டிப் பார்த்தாள். நாலே வரிதான். சார் முதலில் சத்தமாக இங்கிலீஷில் படித்தார். பிறகு வாய்க்குள் படித்தார். பிறகு கண்ணாடியைக் கழற்றிவிட்டார்.

ஃபஹ்மிதாவுக்கு ஒரு சொல் மட்டும் காதில் பிடிபட்டது. “லெஃப்ட்னா இடது பக்கம்தானே சார்? கண்டக்டர் சொல்வாங்கள்ல?” என்று சிரித்தாள். சார் அவள் தலையில் கையை வைத்து, “பாப்பா, நீ செத்த உள்ள போம்மா” என்றார்.

அவர் தௌஃபீக்கிடம் மெதுவாகத்தான் சொன்னார். ஆனாலும் எனக்குக் கேட்டது. “தம்பி, மனசத் தேத்திக்குங்க. வருத்தத்தோட தெரிவிச்சுக்கிறோம்னு ஆரம்பிச்சிருக்காங்க. லெஃப்ட் அஸ்னு போட்டிருக்காங்க. நம்மள விட்டுப் போயிட்டாராம். ஆகஸ்டு பன்னண்டாம் தேதி.”

நீங்களே சொல்லுங்கள் மச்சான். நம் பேச்சில் ஒரு மனிதர் நம்மை விட்டுப் போய்விட்டார் என்றால் அதற்கு என்ன பொருள்? அதற்கு மேல் என்னிடம் யாரும் எதையும் விளக்க வேண்டியிருக்கவில்லை. மீதி மூன்று வரியும் அதற்குத் தோதாகவே இருந்தன. அவருடைய பை ஒன்றும் காகிதங்களும் எங்களிடம் இருக்கின்றன, ஆள் அனுப்பி வாங்கிக்கொள்ளலாம், இனி அவர் விஷயத்தில் கம்பெனிக்குப் பொறுப்பில்லை என்று எழுதியிருந்தார்கள். நான் திரையைப் பிடித்துக்கொண்டு கீழே உட்கார்ந்ததில் கம்பியோடு திரை என் மேல் விழுந்தது.

நாங்கள் விசாரிக்காமல் இருந்துவிட்டோம் என்று நினைக்காதீர்கள். மறுநாள் தௌஃபீக் பெரம்பலூருக்குப் போய், உறையில் இருந்த நம்பருக்கு போன் போட்டார். அங்கே எடுத்தவனுக்குத் தமிழ் தெரியாது. தௌஃபீக் உங்கள் பெயரைத் திரும்பத் திரும்பச் சொல்ல, அவன், “லெஃப்ட், லெஃப்ட், லாஸ்ட் மந்த்” என்று சொல்லி வைத்துவிட்டான். அதைக் கேட்டுவிட்டு வந்து உங்கள் தம்பி வாசற்படியிலேயே தலையில் அடித்துக்கொண்டு அழுதார். மையித்து எங்கே, அடக்கம் செய்துவிட்டீர்களா என்று கேட்டு சார் மறுபடி ஒரு கடிதம் எழுதினார். அதற்குப் பதில் வரவில்லை.

பர்சானாதான் என் கருகமணியை அவிழ்த்தாள். உங்கள் தம்பி பெண்டாட்டிக்கு எப்போதும் வாய் ஓயாதே, அன்றைக்கு ஒரு சொல் பேசவில்லை. முடிச்சு அவிழவில்லை, கத்தரிக்கோல் எடுத்து வெட்டினாள். மணிகள் அறை முழுக்க உருண்டன. பள்ளிவாசலில் உங்களுக்காக துஆ செய்தார்கள். மூன்றாம் நாள் பாத்திஹாவுக்கு ஊரே வந்தது. நீங்கள் தைத்துக் கொடுத்த சட்டையைப் போட்டுக்கொண்டே பத்துப் பேர் வந்து உட்கார்ந்திருந்தார்கள். பெருநாளைக்கு விடிய விடிய உட்கார்ந்து நீங்கள் தைத்ததைச் சொல்லிச் சொல்லி அழுதார்கள். உங்கள் துணிகளை எல்லாம் தௌஃபீக் இல்லாதவர்களுக்குக் கொடுத்துவிட்டார். அந்த நீலக் கட்டம் போட்ட சட்டை இப்போது பள்ளிவாசல் தோட்டக்காரர் மேல் இருக்கிறது. திருப்பிக் கேட்க எனக்கு வாய் வரவில்லை.

ஃபஹ்மிதா அழவில்லை. தினமும் மஃக்ரிபுக்குப் பிறகு உட்கார்ந்து உங்களுக்காக யாசீன் ஓதினாள். தப்பில்லாமல் ஓதவேண்டும் என்று, எங்கேயாவது தடுக்கினால் மறுபடி முதலிலிருந்து ஆரம்பிப்பாள். காலாண்டுப் பரீட்சை அப்போதுதான் நடந்தது. மூன்று பரீட்சை எழுதவில்லை. வாத்தியாரம்மா பரவாயில்லை என்று சொல்லிவிட்டார்கள்.

பதினோராம் நாள், செவ்வாய்க்கிழமை காலை, துக்கம் கேட்க ஒருவர் வந்தார். செந்துறை பஞ்சநாதன். உங்களோடு அதே கம்பெனியில் அயர்ன் போடுகிறவர், உங்கள் அறைக்காரர். தங்கைக்குக் கல்யாணம் என்று லீவில் வந்திருக்கிறார். அரியலூர் பஸ்ஸில் நம் ஊர்க்காரர் யாரோ பேசிக்கொண்டதைக் கேட்டுவிட்டு, வீட்டுக்குக்கூடப் போகாமல் பெட்டியோடு நேரே இங்கே வந்துவிட்டார்.

முன்னறையில் உட்கார்ந்து அவர் தௌஃபீக்கிடம் கண்ணைத் துடைத்துக்கொண்டு சொன்னார்: “பாய்க்கு இப்புடி ஆகும்னு நெனைக்கலைங்க. நான் ஏறுறதுக்கு மொத நாளு அஜ்மான்ல போயி பாத்துட்டு வந்தேன். நல்லாத்தான் பேசினாரு. அதுக்குள்ளயா?”

தௌஃபீக் நிமிர்ந்தார். “நீங்க எப்ப ஏறினீங்க?”

“போன சனிக்கெழம.”

“எந்தச் சனிக்கெழம?”

“இருவத்தியொண்ணு. மூணு நாளுதான் ஆவுது. மெட்ராஸ்ல ஒரு வேலையிருந்துச்சு, முடிச்சுட்டு வர்றேன்.”

“ஆகஸ்டு பன்னண்டாந்தேதி மவுத்துன்னு கம்பெனிக் கடுதாசி வந்திருக்கேங்க” என்று தௌஃபீக் சொல்லி முடிப்பதற்குள் நான் திரையை விலக்கிக்கொண்டு வெளியே வந்துவிட்டேன். இத்தா இருக்கிற பெண் அன்னிய ஆண் முன்னால் வரக்கூடாது. எனக்கு அப்போது எதுவும் தெரியவில்லை. அந்த மனிதர் என் வெள்ளைச் சேலையைப் பார்த்துவிட்டு எழுந்து சுவரோடு ஒட்டி நின்றார்.

“அக்கா,” என்றார். “பன்னண்டாந்தேதி அவரு கம்பெனிய விட்டுத்தானே போனாரு. சொல்லாம கொள்ளாம வெளியேறிட்டா ஆபீஸ் ரெஜிஸ்தர்ல பேருக்கு நேரா லெஃப்ட்னு எழுதிருவாங்க. எல்லாருக்கும் அப்புடித்தான் எழுதுவாங்க. அதுக்காவா நீங்க இப்புடி உக்காந்திருக்கீங்க?”

சந்தோஷப்பட்டேன் என்று எழுத ஆசையாக இருக்கிறது. ஆனால் அப்படி இல்லை. யாரோ பின்மண்டையில் அடித்தது போல இருந்தது. பதினொரு நாள் அழுத கண், அடுத்து என்ன செய்வதென்று தெரியாமல் முழித்துக்கொண்டிருந்தது. பர்சானா சமையலறையிலிருந்து ஓடி வந்து என்னைக் கட்டிக்கொண்டு “அல்லாஹ் அல்லாஹ்” என்று கத்தினாள். எனக்கு ஒரு கேள்விதான் வந்தது. உயிரோடு இருக்கிற மனிதர் ஏன் கடிதம் போடவில்லை? பஞ்சநாதனிடம் கேட்டேன். அவர் தலையைக் குனிந்துகொண்டு, “அதெல்லாம் அவருதான் சொல்லணுங்கக்கா” என்றார். நீங்கள் இப்போது இருக்கிற டீக்கடையின் நம்பரை மட்டும் எழுதிக் கொடுத்துவிட்டுப் புறப்பட்டார்.

ஊரில் யாருக்கும் சொல்லவில்லை. காதால் கேட்காமல் சொல்லக்கூடாது என்று நினைத்தேன். மறுநாள் காலை துப்பட்டியை இழுத்துப் போர்த்திக்கொண்டு தௌஃபீக்கோடு பெரம்பலூர் போனேன். நம் ஊர் பூத்தில் பேசினால் அடுத்த நிமிஷம் தெருவுக்குத் தெரிந்துவிடும். பஸ் ஸ்டாண்டுக்கு எதிரே ஒரு எஸ்.டி.டி. பூத். நான்தான் பேசுவேன் என்று கண்ணாடிக் கதவுக்குள் போய் நின்றுகொண்டேன். தௌஃபீக் நம்பரைப் போட்டுக் கொடுத்தார்.

“ஹலோ” என்றீர்கள்.

அது உங்கள் குரல் என்று எனக்கு ஒரு நொடியும் சந்தேகம் வரவில்லை. “ஹலோ, யாருங்க?” என்று மறுபடி கேட்டீர்கள். பின்னால் பாத்திரச் சத்தம். நான், “சாகிரா பேசுறேன்” என்றேன். உங்கள் மூச்சு கேட்டது. நீங்கள் ஏதாவது சொல்வீர்கள் என்று காத்திருந்தேன். சொல்லவில்லை. “ஃபஹ்மிதா உங்களுக்கு யாசீன் ஓதிட்டா மச்சான்” என்றேன்.

லைன் கட்டாகிவிட்டது.

லைன்தான் போய்விட்டது என்று தௌஃபீக் மறுபடி நம்பர் போட்டார். வேறு ஒருவர் எடுத்தார். நான் உங்கள் பெயரைச் சொன்னேன். அவர், “ஹி லெஃப்ட், சிஸ்டர். ஜஸ்ட் நௌ லெஃப்ட்” என்றார். அந்தச் சொல்லை என் காதாலேயே கேட்டேன். எனக்கு அர்த்தம் சொல்ல யாரும் தேவைப்படவில்லை. லைன் தானாகப் போகவில்லை. நீங்கள்தான் வைத்துவிட்டு வெளியே போயிருக்கிறீர்கள்.

பூத்துக்கு வெளியே வந்ததும் தௌஃபீக்கின் முகம் சிவந்துவிட்டது. “அண்ணன் அங்க வேற குடும்பம் வச்சிருக்கு அண்ணி. வேற என்ன?” என்று பஸ் ஸ்டாண்டிலேயே நின்று சத்தம் போட்டார். நான் அவரைத் தன் செருப்புக் கடைக்குப் போகச் சொல்லிவிட்டு, அரியலூர் பஸ்ஸில் ஏறி உட்கார்ந்தேன். அவர் எவ்வளவோ தடுத்தும் கேட்கவில்லை. கடைசியில் அவரும் ஓடி வந்து ஏறிக்கொண்டார். அரியலூரில் இறங்கி செந்துறை பஸ்ஸுக்கு ஒரு மணி நேரம் நின்றோம். அந்த வழி முழுக்க நான் என்ன நினைத்துக்கொண்டு போனேன் என்பதையும் உங்களிடம் மறைக்கப் போவதில்லை. நீங்கள் மவுத்தாகவே இருந்திருக்கலாம் என்று நினைத்தேன். மவுத்தான மனிதருக்காக நான் அழலாம். என் குரலைக் கேட்டதும் போனை வைத்துவிட்டு எழுந்து போன மனிதருக்காக எப்படி அழுவது என்று எனக்குத் தெரியவில்லை. அல்லாஹ் என்னை மன்னிக்கட்டும். நீங்களும் மன்னியுங்கள்.

பஞ்சநாதன் வீட்டில் கல்யாணப் பந்தல் போட்டுக்கொண்டிருந்தார்கள். வாசலில் மாவிலை கட்டியிருந்தது. வெள்ளைச் சேலையோடு அந்த வீட்டுக்குள் எப்படிப் போவது என்று வேலிப் பக்கமே நின்றுவிட்டேன். பஞ்சநாதனின் தாயார் பொன்னம்மாள் என்னைப் பார்த்துவிட்டு மஞ்சள் கையோடு வந்தார். “உள்ள வாம்மா. எம்மவன் எல்லாஞ் சொன்னான். ஒம்புருசன் உசுரோட இருக்கையில ஒனக்கென்ன கொறச்ச? வா, வந்து தண்ணியக் குடி” என்று கையைப் பிடித்து உள்ளே கூட்டிப் போனார். அந்த அம்மாவை நான் ஆயுசுக்கும் மறக்கமாட்டேன்.

பஞ்சநாதன் என்னை நேருக்கு நேர் பார்க்கவில்லை. போன் பேசியதைச் சொன்னேன். தௌஃபீக், “யாரு அந்தப் பொம்பள, அத மட்டும் சொல்லுங்க” என்றார். அதைக் கேட்டதும் பஞ்சநாதனுக்குக் கோபம் வந்துவிட்டது.

“பொம்பளையும் இல்ல, ஒண்ணும் இல்லைங்க. அந்த மனுசனப் போயி அப்புடிச் சொல்லாதீங்க. வீட்டுல மூச்சு விடக்கூடாதுன்னு சத்தியம் வாங்கினாரு. இப்ப நான் சொல்லலைன்னா அது பெரிய பாவம். அக்கா, உக்காருங்க. ஜூலை பத்தாந்தேதி கட்டிங் மிஷின்ல அவரு கை மாட்டிருச்சு. வலது கை. நாலு வெரலும் போயிருச்சுக்கா. கட்டை வெரல் மட்டுந்தான் நிக்கிது.”

பந்தலில் யாரோ ஆணி அடித்துக்கொண்டிருந்தார்கள். எனக்கு அந்தச் சத்தம் மட்டும் கேட்டது.

மீதியையும் அவரே சொன்னார். ஒரு மாதம் ஆஸ்பத்திரியில் கிடந்தீர்களாம். கடிதம் எழுதித் தருகிறேன், சொல்லுங்கள் என்று அவர் எத்தனையோ முறை கேட்டாராம். வேறு கையெழுத்தில் கடிதம் போனால் சாகிரா கண்டுபிடித்துவிடுவாள் என்று மறுத்துவிட்டீர்களாம். கம்பெனி உங்களை ஊருக்கு அனுப்ப ஆகஸ்டு 13ஆம் தேதிக்கு டிக்கெட் போட்டதாம். அதற்கு முந்தின நாள் பாஸ்போர்ட்டைக்கூட வாங்காமல் வெளியேறிவிட்டீர்களாம். “தையக்காரன் கையில்லாம ஊருல போயி எறங்கி என்னடா பண்றது, பஞ்சநாதா” என்று கேட்டீர்களாம். அஜ்மான் டீக்கடையில் இடது கையால் கிளாஸ் எடுத்து வைக்கிறீர்களாம். இதைச் சொல்லும்போது அவரே அழுதுவிட்டார். தௌஃபீக் எழுந்து பந்தலுக்கு வெளியே போய், எங்களுக்கு முதுகைக் காட்டிக்கொண்டு வெகுநேரம் நின்றார்.

நான் என்ன செய்தேன் என்று கேட்கிறீர்களா? இரண்டரை மாதமாக உங்கள் கையெழுத்துக்காகத் தபால்காரரைத் திட்டிக்கொண்டிருந்தேனே, அதை நினைத்தேன். என் கை விரல்களை ஒவ்வொன்றாகப் பிடித்துப் பிடித்துப் பார்த்துக்கொண்டேன். பொன்னம்மாள் என் தலையைத் தன் தோளில் சாய்த்துக்கொண்டார்.

ஊருக்குத் திரும்பியதும் எல்லோருக்கும் சொல்லிவிட்டோம். நீங்கள் உயிரோடு இருப்பதையும் சொன்னோம், கையையும் சொன்னோம். மறைக்கவில்லை. ஆலிம்சா, நிக்காஹுக்கு ஒரு குறையும் இல்லை, அவர் இருக்கும்போது இத்தா என்ன இத்தா என்று சொன்னார். பர்சானா அந்த மணிகளை எல்லாம் பெருக்கி எடுத்துக் கோர்த்து வைத்திருந்தாள். மூன்று மணி குறைகிறதாம். வாங்கிக் கட்டிக்கொண்டேன். ஃபஹ்மிதாவிடமும் சொன்னேன். அவள், “அப்ப நான் ஓதின யாசீன் யாருக்கும்மா போச்சு?” என்று கேட்டாள். அன்றைக்குச் சாயங்காலம்தான் அவள் முதன்முறையாக அழுதாள். விக்கி விக்கி அழுதாள். நிறுத்தவே முடியவில்லை.

குருநாதன் சாரைப் பற்றியும் எழுதவேண்டும். செய்தி கேட்டதும் ஓடி வந்தார். வாசலில் நின்றார், உள்ளே வரவில்லை. நான் கதவைச் சாத்திவிட்டேன். மறுநாளும் வந்தார், மறுநாளும் சாத்தினேன். மூன்றாம் நாள் ஒரு தடித்த அகராதியைக் கையில் வைத்துக்கொண்டு நின்றார். அப்போது பாவமாக இருந்தது.

அகராதியில் அந்த ஒரு சொல்லுக்கு ஒன்றரைப் பக்கம் இருக்கிறது, மச்சான். அவர் விரலை வைத்து வைத்துக் காட்டினார். ‘லீவ்’ என்றால் புறப்படுவது, வேலையை விட்டு நிற்பது, மறந்து வைத்துவிட்டு வருவது, மிச்சம் வைப்பது, ஒருவர் பொறுப்பில் ஒப்படைப்பது, உயில் எழுதி வைப்பது, சும்மா விட்டுவிடுவது, கட்டினவளைக் கைவிடுவது. பஞ்சநாதன் வந்த லீவும் அதே எழுத்துத்தான். சாவு எங்கேயோ ஓரத்தில் இருந்தது.

“முப்பது வருசமா இந்த வார்த்தைய வச்சு வாக்கியம் அமைக்கச் சொல்லிப் புள்ளைங்களுக்கு மார்க்கு போட்டிருக்கேம்மா” என்றார். “எனக்குத் தெரியாம இல்ல. என் சம்சாரம் சுந்தராம்பாள் போனப்ப, எனக்குப் பாடம் சொல்லிக் கொடுத்த ப்ரொஃபசர் ஒரு லெட்டர் போட்டாரு. அதுல அவளப் பத்தி இப்புடித்தான் லெஃப்ட் அஸ்னு எழுதியிருந்தாரு. அத நான் தெனமும் எடுத்துப் படிக்கிறேன். உங்க கடுதாசியில அதே ரெண்டு வார்த்தையப் பாத்ததும் எனக்கு வேற எதுவும் தோணலை. உங்களுக்கு வந்ததப் படிக்கலைம்மா நான். எனக்கு வந்ததத்தான் படிச்சிருக்கேன்.” சொல்லிவிட்டு, என்ன வேண்டுமானாலும் திட்டுங்கள் என்பது போல நின்றார்.

நான் திட்டவில்லை. உட்காரச் சொல்லி டீ கொடுத்தேன். மூன்றாவதாக ஒரு கடிதம் எழுதித் தரச் சொன்னேன். உங்கள் கம்பெனிக்குத்தான். உங்கள் பாஸ்போர்ட்டையும் பையையும் பஞ்சநாதன் கையில் கொடுக்கும்படி எழுதியிருக்கிறார். ஐந்து வரி எழுத அவருக்கு ஒரு மணி நேரம் ஆனது. ஒவ்வொரு வரியையும் எங்களுக்குத் தமிழில் சொல்லி, “இதுக்கு வேற எப்புடியாச்சும் அர்த்தம் வருமா?” என்று தௌஃபீக்கைக் கேட்டார், பர்சானாவைக் கேட்டார், ஃபஹ்மிதாவையும் கேட்டார். அதற்குக் கீழே நான் கையெழுத்துப் போட்டிருக்கிறேன்.

இனி விஷயத்துக்கு வருகிறேன். அந்த நாட்டு சர்க்கார் மன்னிப்புக் காலம் கொடுத்திருக்கிறதாம். கம்பெனியை விட்டு வெளியேறியவர்கள் இந்த மாதக் கடைசிக்குள் போய்ப் பெயர் கொடுத்தால் கேஸ் இல்லாமல் ஊருக்கு அனுப்பிவிடுவார்களாம். பஞ்சநாதனும் சொன்னார், தௌஃபீக்கும் பெரம்பலூரில் இரண்டு மூன்று பேரிடம் விசாரித்துவிட்டார். பஞ்சநாதன் 10ஆம் தேதி ஏறுகிறார். இந்தக் கடிதத்தையும் கம்பெனிக் கடிதத்தையும் அவரிடமே கொடுத்தனுப்புகிறேன். பாஸ்போர்ட் கைக்கு வந்த அன்றைக்கே அவரோடு போய்ப் பெயர் கொடுத்துவிடுங்கள். தனியாகப் போகாதீர்கள். டிக்கெட் எல்லாம் தௌஃபீக் பார்த்துக்கொள்வார். அதைப் பற்றி யோசிக்காதீர்கள்.

ஊரில் வந்து என்ன செய்வது என்று கேட்டீர்களாம். எனக்கும் தெரியாது. தெரிந்த மாதிரி எழுதி உங்களை ஏமாற்றமாட்டேன். தௌஃபீக் தன் செருப்புக் கடையில் வந்து உட்காரட்டும் என்கிறார். பர்சானா, நீங்கள் அளவு சொல்ல நான் வெட்டித் தைக்கலாம் என்கிறாள். அவள் எப்போதும் எதையாவது சொல்வாள். எது ஆகும், எது ஆகாது என்று நீங்கள் இங்கே வந்து உட்கார்ந்த பிறகு பேசிக்கொள்வோம். ஒன்று மட்டும் சொல்கிறேன். கையைக் காட்ட வெட்கப்பட்டு எங்களிடமிருந்து ஒளிந்தீர்கள். நாங்கள் உங்களை முழுசாகவே இழந்து பதினொரு நாள் இருந்து பார்த்துவிட்டோம். அதற்குப் பிறகு இந்த வீட்டில் யாரும் உங்கள் விரலை எண்ணிப் பார்க்கப் போவதில்லை.

போனை ஏன் வைத்தீர்கள் என்று நான் கேட்கவில்லை. வந்த பிறகும் கேட்கமாட்டேன்.

ஃபஹ்மிதா ஐந்தாம் வகுப்புக் காலாண்டில் விட்டுப்போன மூன்று பரீட்சையையும் திங்கட்கிழமை எழுதுகிறாள். அத்தாவுக்கு ஸலாம் சொல்லச் சொன்னாள். வேறு என்ன எழுதட்டும் என்றேன். அவ்வளவுதான் என்றாள். இன்னும் கோபமாக இருக்கிறாள்.

யா அல்லாஹ், இந்தக் கடிதம் அவர் இருக்கிற இடத்தில் போய்ச் சேரவேண்டும். இதைப் படித்துவிட்டு அவர் எழுந்து வேறெங்கும் போய்விடக் கூடாது. ஆமீன்.

மச்சான், இதற்குப் பதில் எழுத வேண்டாம். வாருங்கள்.

இப்படிக்கு,
உங்கள் மனைவி
சாகிரா